மனிதனாகச் செத்த ஒரே படம்

திரையில் நான் செத்துக்கொண்டிருந்தேன். எதிரே பெஞ்சில் உட்கார்ந்து அதைப் பார்த்துக்கொண்டும் இருந்தேன்.

பூந்தமல்லி டெண்ட் கொட்டகையில் மாலைக் காட்சி. வெளியே இன்னும் முழுக்க இருட்டவில்லை. கீற்றுத் தடுப்பின் ஓட்டைகள் வழியே வந்த வெளிச்சம் திரையில் பொட்டுப் பொட்டாக விழுந்தது. தரை டிக்கெட்காரர்கள் மணலைக் குவித்து மேடு கட்டி அதன்மேல் உட்கார்ந்திருந்தார்கள். பீடிப் புகை, வேர்க்கடலைத் தோல், எங்கோ கோலி சோடா உடைக்கும் சத்தம். இடுப்பளவுச் சுவருக்கு அந்தப் பக்கம், பெண்கள் பகுதியில், என் மனைவி பத்மா உட்கார்ந்திருந்தாள். கல்யாணமாகி ஆறு வருடத்தில் அவள் என் படம் ஒன்றைப் பார்க்க வந்தது அதுதான் முதல் தடவை.

படத்தில் நான் காசநோய்க்கார அப்பன். கயிற்றுக் கட்டிலில் கிடக்கிறேன். நாலு நாள் தாடி. மகளின் கையைப் பிடித்துக்கொண்டு, "படிப்ப மட்டும் விட்டுடாதே கண்ணு" என்று சொல்கிறேன். தலை சாய்கிறது.

அந்தத் தலைசாய்ப்பைக் கண்ணாடி முன்னால் பதினைந்து நாள் பழகியிருந்தேன். ஒரேயடியாகச் சாயக் கூடாது. பாதி சாய்ந்து, மகளை இன்னொரு முறை பார்க்க முயன்று, முடியாமல் மீதி சாய வேண்டும். அப்படியே செய்திருந்தேன். பார்க்க எனக்கே நன்றாக இருந்தது.

கொட்டகை அடங்கியது. வேர்க்கடலை உடைக்கும் சத்தம்கூட நின்றது.

அப்போது தரையில் எனக்கு நேர் முன்னால் இருந்த ஆள், பக்கத்தில் இருந்தவனிடம் சொன்னான்: "இரு மச்சான், இப்போ எய்ந்திருப்பான் பாரு."

"ஆமா மாமே. பல்லக் காட்டிகினு வருவான்."

பின்னாலிருந்து ஒரு விசில். அதற்குப் பதில் விசில். திரையில் என்னைச் சுற்றி நாலு பெண்கள் மாரடித்து அழுதுகொண்டிருந்தார்கள். மூக்கில் பஞ்சோடு நான் படுத்திருந்தேன். கொட்டகை மொத்தமும் தாளம் போட்டுக் கை தட்ட ஆரம்பித்தது. "எய்ந்திரு, எய்ந்திரு, எய்ந்திரு."

நான் எழவில்லை. அந்தப் படத்தில் எழ வேண்டியதில்லை. அதற்காகத்தானே அந்தப் படத்தில் நடித்தேன்.

இந்தத் தொடரை வாராவாரம் படிக்கும் ஒரு வாசகி எழுதிக் கேட்டிருந்தார்: "ஐயா, நீங்கள் மனிதனாக ஒரு படத்தில்கூட நடிக்கவில்லையா?" நடித்தேன் அம்மா. ஒன்றில் நடித்தேன். அது பட்ட பாட்டைத்தான் இந்த வாரம் சொல்லப்போகிறேன்.

பகல் பன்னிரண்டு மணிப் பேய்

முன் கதையை விட்டவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அப்போது நான் அம்பத்தூரில் போல்ட்டும் நட்டும் செய்கிற ஒரு சின்னத் தொழிற்சாலையில் லேத் ஓட்டிக்கொண்டிருந்தேன். ஆயுத பூஜைக்கு நாங்கள் போட்ட நாடகத்துக்கு ரங்கய்யா வந்திருந்தார். பூந்தமல்லியில் மரம் அறுத்து விற்கிற மரவாடி வைத்திருந்தவர்; சினிமா பிடிக்கிற ஆசையும் வைத்திருந்தார். நாடகம் முடிந்ததும் மேடைக்குப் பின்னால் வந்து என்னை மேலும் கீழும் பார்த்தார்.

என் நடிப்பைத்தான் பார்த்தார் என்று அன்றைக்கு நினைத்தேன். அவர் பார்த்தது என் கழுத்தை. ஆறடிக்கு மேல் உயரம், ஒட்டிய கன்னம், கொக்குக் கழுத்து. "நைனா, உனக்கு மேக்கப்பே வேணாம்," என்றார். பெருமையாக இருந்தது. பேய் வேஷம் என்று பிறகுதான் தெரிந்தது.

ரங்கய்யா பேய்ப் படம் எடுத்ததற்குக் காரணம் கலை அல்ல. பேய்ப் படத்துக்கு செட்டு வேண்டாம், ஒரு பாழடைந்த வீடு போதும். டான்ஸ் வேண்டாம், ஒரு வெள்ளைத் துணி போதும். பெரிய கம்பெனிகளில் மிஞ்சுகிற துண்டு ஃபிலிம்களை வாங்கி ஒட்டி எடுப்பார். ஒரு துண்டு மூன்று நிமிஷம் ஓடும், ஒன்று அரை நிமிஷத்தில் தீர்ந்துவிடும். அதனால் அவர் படங்களில் பேய் எப்போதுமே அவசரமாக வந்து அவசரமாகப் போகும்.

ராத்திரியில் எடுக்க விளக்கு வேண்டும், ஜெனரேட்டர் வேண்டும். அதற்கு ரங்கய்யா ஒரு வழி கண்டுபிடித்திருந்தார். கேமரா கண்ணில் நீலக் கண்ணாடி மாட்டி, உச்சி வெயிலில் எடுத்தால் திரையில் நிலா வெளிச்சம் மாதிரி தெரியும். ஆக, நீங்கள் பார்த்துப் பயந்த பேய்கள் எல்லாம் சித்திரை மாதத்து நண்பகல் பேய்கள். உடம்பு முழுக்க வெள்ளைப் பூச்சு, அதன்மேல் கனத்த போர்வை, வானகரத்துப் பொட்டல் மண்ணில் வெறுங்காலோடு ஓட்டம். பேய்க்குக் கால் கிடையாது என்பார்கள். எனக்கு உண்டு. உள்ளங்காலில் கொப்புளம் வராமல் நான் ஒரு படமும் முடித்ததில்லை.

இதில் பல் வேறு. பூந்தமல்லியில் பல்செட் கட்டுகிற ஒருவரிடம் சொல்லிச் செய்த இரண்டு கோரைப் பல். எனக்கு அளவெடுக்காமல் ரங்கய்யாவின் வாய்க்கு அளவெடுத்துச் செய்தது. ஏனென்றால் அன்றைக்கு எனக்கு ஷிஃப்ட். ஒவ்வொரு முறை மாட்டும்போதும் கீழுதடு கிழியும். ரத்தம் வரும். "இயற்கையா கீது, அப்படியே வுடு," என்பார் ரங்கய்யா.

இதெல்லாம் காமெடிப் பேய்ப் படங்கள் என்பதை மறக்க வேண்டாம். அதாவது பயமுறுத்த வேண்டியது நான், கைதட்டல் காமெடியனுக்கு. அவர் பெயர் வேண்டாம், அவர் பிள்ளைகள் இந்தப் பத்திரிகையை வாசிக்கிறார்கள். நான் மரத்துக்குப் பின்னாலிருந்து வருவேன். அவர் வேட்டி அவிழ ஓடுவார். கடைசி ரீலில் துடைப்பத்தால் என்னை அடிப்பார். பொய் அடி அடிக்க அந்த மனிதருக்குத் தெரியாது. கேட்டால், "அப்பத்தான் ஜனம் சிரிக்குது, அண்ணாத்தே," என்பார்.

வீட்டில் நிலைமை இன்னும் மோசம். அம்பத்தூரில் ஒரே வரிசையாக எட்டு வீடுகள், ஒரு குழாய். குழந்தை சோறு தின்ன மறுத்தால் பெண்கள் சொல்வார்கள்: "துன்னு. இல்லாங்காட்டி ஏகாம்பரம் மாமா வந்துரும்." குழந்தை கபக்கென்று விழுங்கும். பத்மா குடத்தோடு அதைக் கேட்டுக்கொண்டு நிற்பாள். எங்களுக்கு அப்போது குழந்தை இல்லை. எந்தக் குழந்தையும் எங்கள் வீட்டு வாசற்படி ஏறியதும் இல்லை.

தனகோட்டியம்மாள்

ஒருநாள் மதியம் ஷிஃப்ட் முடிந்து தொழிற்சாலை கேட்டைத் தாண்டினால், வெயிலில் ஓர் அம்மாள் நின்றுகொண்டிருந்தார். ஐம்பது வயசு இருக்கும். கண்டாங்கிச் சேலை, காலில் செருப்பில்லை, வாய் நிறைய வெற்றிலை.

"நீதானேப்பா அந்தப் பேயி," என்றார்.

கூட வந்தவர்கள் சிரித்தார்கள். நான் ஆமாம் என்றேன். வேறு என்ன சொல்ல.

"மூஞ்சிய பார்த்தாலே தெரியுது. நான் தனகோட்டி. காட்டுப்பாக்கத்துல ஊடு கீது எனக்கு. அத்த கெடுத்தவன் நீ."

விஷயம் இதுதான். இருந்த நிலத்தில் பாதியை விற்று, வாடகைக்கு விடலாம் என்று அந்த அம்மாள் முன்னும் பின்னுமாக இரண்டு போர்ஷன் வைத்து ஓட்டு வீடு ஒன்று கட்டியிருந்தார். பூச்சு வேலை முடிவதற்குள் ரங்கய்யா போய், 'பத்து நாளைக்கு சினிமாவுக்குக் கொடுங்க' என்று கேட்டிருக்கிறார். சினிமா என்றதும் அந்த அம்மாள் காதல் பாட்டு எடுப்பார்கள் என்று நினைத்துக் கொடுத்துவிட்டார். நாங்கள் சுவரில் கரி பூசி, ஓட்டைப் பிரித்து, அந்த வீட்டில் பத்து நாள் பேயாட்டம் ஆடினோம். படம் பூந்தமல்லியில் மூன்று வாரம் ஓடியது. சுற்றுவட்டாரமே பார்த்தது. அதற்குப் பிறகு அந்த வீட்டுக்கு ஒருவரும் குடிவரவில்லை.

"வெள்ள அடிச்சேன், பசுமாட்ட இட்டுக்கினு போயி உள்ள நிறுத்தினேன், ஐயர வெச்சு ஓமம் பண்ணேன். வர்றவன் அந்த சன்னலப் பார்த்துட்டு, 'பேயி எட்டிப் பார்த்த சன்னல் இதானே'ன்னு கேட்டுட்டு ஓடுறான்."

"அதுக்கு நான் இன்னாம்மா பண்றது?"

"நீயே வந்து குடி இரு. பேயே பொண்டாட்டியோட உள்ள குந்திகினு சோறு துன்றத நாலு பேரு பாக்கட்டும். அப்பால பயம் போயிடும்."

பைத்தியக்காரத்தனம் என்று நினைத்தேன். ராத்திரி சாப்பிடும்போது பத்மாவிடம் சிரிப்புக்காகச் சொன்னேன். அவள் சிரிக்கவில்லை. "அங்க தனிக் குயாய் இருக்குதா?" என்று கேட்டாள். கிணறு இருக்கிறது என்றேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமை மாட்டு வண்டியில் சாமான்களை ஏற்றிக்கொண்டு காட்டுப்பாக்கத்தில் இருந்தோம்.

நான் தினம் சைக்கிளில் அம்பத்தூர் போய்வர வேண்டியிருந்தது. அது ஒரு தண்டனை. வேடிக்கை பார்க்க வந்தவர்கள் இன்னொரு தண்டனை. முதல் ஒரு மாதம் மேற்கே பூந்தமல்லியிலிருந்தும் கிழக்கே போரூரிலிருந்தும் ஆட்கள் வந்து வேலிக்கு வெளியே நின்று, நான் பல் துலக்குவதைப் பார்த்தார்கள். தனகோட்டியம்மாள் அவர்களுக்குப் பக்கத்தில் நின்று, "பாரு, நல்லா பாரு. சொந்தப் பல்லுதான்," என்பார்.

ஆனால் அந்த அம்மாளின் கணக்கு தப்பவில்லை. இரண்டு மாதத்தில் பின் போர்ஷனுக்கு ஆள் வந்தார்கள். ஆவடியில் வேலை பார்க்கிற ஒருவர். குவார்ட்டர்ஸ் கிடைக்கும்வரை தங்க வந்த திருநெல்வேலிக் குடும்பம். அவர்களுக்கு ஆறு வயதில் செல்வி என்று ஒரு பெண். அவள் நான் நடித்த எதையும் பார்த்ததில்லை. வந்த மறுநாளே எங்கள் படியேறி வந்து, "மாமா, நீங்க ஏன் இவ்வளவு ஒசரமா இருக்கிய?" என்று கேட்டாள். பத்மா உள்ளே போய் அவளுக்குப் பொரிவிளங்காய் உருண்டை எடுத்து வந்தாள். அன்றிலிருந்து அந்தப் பெண் பாதி நேரம் எங்கள் வீட்டில்தான்.

சொந்தக் கட்டிலில் சாவு

செல்வி வந்த பிறகுதான் எனக்குப் பேய் வேஷம் முழுசாகக் கசந்தது. இவள் என்றைக்காவது டெண்ட் கொட்டகைக்குப் போவாள். என்னைப் பார்ப்பாள். அதற்குப் பிறகு இந்தப் படியேறுவாளா?

மரவாடிக்குப் போய் ரங்கய்யாவிடம் சொன்னேன். "மொதலாளி, இனிமே பேய் வேஷம் கட்டமாட்டேன். மனுஷன் வேஷம் ஒண்ணு குடுங்க. சின்னதா இருந்தாலும் போதும்."

மரம் அறுக்கிற சத்தத்தில் அவருக்கு முதலில் காதில் விழவில்லை. இரண்டாம் முறை விழுந்தது. கோபிப்பார் என்று நினைத்தேன். மாறாக, அவர் முகம் மலர்ந்துவிட்டது. அவருக்கும் குடும்பப் படம் எடுத்து நாலு பேர் மதிக்க வேண்டும் என்று உள்ளூர ஓர் ஆசை இருந்திருக்கிறது. "அப்பன் வேஷம் நைனா. மூணாவது ரீல்ல செத்துருவே. அப்புறம் பொண்ணு கஷ்டப்பட்டுப் பெரிசாவா. பொம்பளைங்க அழுவாங்க," என்றார். படத்தின் பெயர் 'தகப்பன் தூக்கிய தொட்டில்'.

எங்கே எடுப்பது என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது.

"உன் ஊட்லயே எடுத்துரலாம்."

தனகோட்டியம்மாள் முடியவே முடியாது என்றார். ஒரு வாரம் கெஞ்சியதில் இறங்கி வந்து ஒரே ஒரு நிபந்தனை போட்டார். "சாவு எடுத்துக்க. ஆனா செத்தவன் செத்தவனாவே இருக்கணும். திரும்ப வரக் கூடாது." ரங்கய்யா தலையில் அடித்துச் சத்தியம் செய்தார்.

மகளாக நடிக்க ஒரு குழந்தை வேண்டியிருந்தது. செல்வியின் அப்பா யோசித்தார், அம்மா சம்மதித்தார். இப்படியாக, என் வீட்டில், என் கட்டிலில், என் சட்டையோடு நான் செத்தேன். படப்பிடிப்புக்காரர்கள் பத்மாவை அடுக்களைக்குள் போகச் சொல்லிவிட்டார்கள். கூடத்தில் கட்டின புருஷன் மாலையோடு படுத்திருக்க, சுற்றிலும் கூலிக்கு வந்தவர்கள் ஒப்பாரி வைக்க, அவள் இருபது பேருக்கு டீ போட்டாள். இரண்டு டேக் ஆனதும் கதவிடுக்கில் தலையை நீட்டி, "சீக்கிரம் முடிங்க. எனக்குக் கை கால் ஒதறுது," என்றாள். ரங்கய்யா மூன்றாவது டேக் எடுக்கவில்லை.

"அந்தாளு செத்துப்பூட்டான்"

இப்போது கொட்டகைக்குத் திரும்பலாம். எய்ந்திரு, எய்ந்திரு என்று தாளம்.

நான் பெண்கள் பக்கம் பார்த்தேன். பத்மா குனிந்திருந்தாள். பக்கத்தில் தனகோட்டியம்மாள் எழுந்து நின்றார். ரங்கய்யா சத்தியத்தைக் காப்பாற்றுகிறாரா என்று பார்க்க வந்திருந்தவர்.

"சொம்மா குந்துங்கடா," என்று கத்தினார். "அந்தாளு செத்துப்பூட்டான். எய்ந்திருக்க மாட்டான். நான் சொல்லிட்டேன்."

அதற்குத்தான் அன்றைக்கு மிகப் பெரிய கைதட்டல்.

கொஞ்ச நேரத்தில் என் பிணத்தைப் பாடையில் வைத்துக் கொண்டுபோய்விட்டார்கள். ஜனங்கள் அப்போதும் விடவில்லை. நாலாவது ரீலில் ஒரு கதவு திறந்தால் விசில். ஐந்தாவது ரீலில் ஒரு பூனை குறுக்கே போனால், "தோ, வந்துட்டான்." செல்வி வளர்ந்து வேறொரு நடிகையாகி, படித்து, டாக்டராகி, கடைசியில் என் படத்துக்கு மாலை போடுகிற காட்சியில் ஒருவன் கொட்டாவி விட்டுக்கொண்டே சொன்னான்: "இன்னாடா இது, கடைசி வரைக்கும் வரவே இல்ல. ஏமாத்திட்டானுங்க."

வீட்டுக்கு வந்ததும் பத்மாவிடம் கேட்டேன். "எப்படி இருந்துச்சு?"

"நல்லா செத்தீங்க," என்றாள். "பார்க்க விட்டாத்தானே."

நாலே நாளில் படத்தைக் கொட்டகையிலிருந்து தூக்கிவிட்டார்கள்.

ஒரு வாரம் கழித்து ரங்கய்யா வீட்டுக்கு வந்தார். நாற்காலியில் உட்காராமல் நின்றபடியே, சுவரைப் பார்த்துச் சொன்னார். "நைனா, ஒரே ஒரு சீன். பொண்ணு கட்டில்ல தூங்கிகினு கீது, செத்தவன் எய்ந்திருச்சு வந்து காமெடியன் குடுமியப் புடிக்கிறான். அவ்ளோதான். அத்த சேர்த்துட்டா படம் பொழச்சுக்கும்."

காமெடியன் அந்தப் படத்திலேயே கிடையாது. சேர்த்துக்கொள்ளலாமாம். அப்பன் வீட்டில் திருட வந்தவனாக.

நான் முடியாது என்றேன். வாழ்க்கையில் அவ்வளவு உரக்க நான் பேசியதில்லை. பின் போர்ஷனிலிருந்து எட்டிப் பார்த்தார்கள். தனகோட்டியம்மாளும் வந்துவிட்டார். சத்தியம் என்னவாயிற்று என்று அவர் ஒரு பக்கம் பிடித்துக்கொண்டார்.

ரங்கய்யா கெட்டவர் அல்ல. அதுதான் எரிச்சல். கெட்டவராக இருந்தால் வெளியே போ என்று சொல்லியிருக்கலாம். அவர் மெதுவாக, "நீ வரலன்னாலும் பரவால்ல. உன் சட்டைய மட்டும் குடு. மரவாடில ஒசரமா ஒருத்தன் கீறான், அவனுக்குப் போட்டு வுட்டு முதுகுப் பக்கமா எடுத்துக்கறேன். பேய்க்கு மூஞ்சி எதுக்கு," என்றார்.

எல்லோரும் பேசி ஓய்ந்த பிறகு பத்மா அடுக்களையிலிருந்து வந்தாள். என் பேய் வேஷத்தை ஆறு வருடமாக வெறுத்தவள், என்னைப் பார்த்துச் சொன்னாள்: "நீங்களே போயி நடிங்க."

எனக்குக் கேட்டது சரிதானா என்று தெரியவில்லை.

"எவனோ ஒருத்தன் உங்க சட்டைய மாட்டிகினு வந்து அந்தப் பொண்ண மிரட்டறதுக்கு நீங்களே வர்றது மேலு. அப்பன் வந்தா அப்பனா வரட்டும்."

தனகோட்டியம்மாள் அதைக் கொஞ்ச நேரம் மென்றார். "வந்தா யாரையும் பயமுறுத்தாம வரணும். பின்னாடி குடித்தனம் கீது," என்றார்.

செல்வி தூங்கிவிட்டாள்

ஞாயிற்றுக்கிழமை நண்பகல். ஜன்னல்களுக்கெல்லாம் கறுப்புக் கம்பளி தொங்கவிட்டார்கள். கூரையில் நாலு ஓடு எடுத்து, வெள்ளிக் காகிதம் ஒட்டிய பலகையால் வெயிலை உள்ளே பிடித்தார்கள். உள்ளே அடுப்பு மாதிரி புழுக்கம். மகள் கட்டிலில் தூங்க வேண்டும். நான் கதவு வழியாக வந்து, அவளைத் தாண்டிப் போய், மூலையில் ஒளிந்திருக்கும் காமெடியனைப் பார்த்துப் பல்லைக் காட்டி உறுமி, அவர் குடுமியைப் பிடிக்க வேண்டும்.

ரங்கய்யாவிடம் இருந்தது ஒரே ஒரு துண்டு ஃபிலிம். ஒன்றரை நிமிஷம். இரண்டாவது டேக் கிடையாது.

வெளிச்சத்தைச் சரிசெய்ய ஒரு மணி நேரம் ஆனது. அதற்குள் செல்வி நிஜமாகவே தூங்கிவிட்டாள். வாய் லேசாகத் திறந்திருந்தது. போர்வை விலகி இரண்டு காலும் வெளியே தெரிந்தன. எழுப்ப வேண்டாம் என்று அவள் அம்மா சைகை செய்தார்.

பல் என் வேட்டி மடியில் இருந்தது. கேமரா ஓடத் தொடங்கியபோதும் மடியிலேயே இருந்தது. மறந்துவிட்டேன் என்றுதான் ரங்கய்யாவிடம் பிற்பாடு சொன்னேன்.

உள்ளே வந்தேன். மூலையில் காமெடியன் இப்போதே நடுங்க ஆரம்பித்திருந்தார். அவரிடம் போக வேண்டும். ஆனால் கட்டில் குறுக்கே இருந்தது, கட்டிலில் அந்தக் கால்கள். நான் இப்போது உறுமினால் இவள் கண் திறப்பாள். திறந்தால் முதலில் பார்ப்பது என் வெள்ளை பூசிய முகம். காட்டுப்பாக்கத்தில் என் படி ஏறிய ஒரே குழந்தை.

போர்வையை இழுத்துக் கால்களை மூடினேன். கொஞ்ச நேரம் நின்றேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. கேமராவுக்குப் பின்னால் ரங்கய்யா வாயைத் திறந்து சத்தமில்லாமல் "பல்லு, பல்லு" என்று காட்டிக்கொண்டிருந்தார். நான் திரும்பி நடந்து, வெளியே போய், கதவைச் சாத்தினேன். உள்ளே காமெடியன் மூலையிலிருந்து உருண்டு விழுந்ததோடு ஃபிலிம் தீர்ந்துவிட்டது.

அதற்குப் பிறகு ரங்கய்யா பேசியதை இந்தப் பத்திரிகையில் அச்சிட மாட்டார்கள்.

ஆனால் எடுத்தது எடுத்ததுதான். அதைத்தான் ஒட்டினார். சென்சாருக்குத் தெரியாமல் ஒட்டியது. இத்தனை வருடம் கழித்துச் சொல்வதால் யாருக்கும் நஷ்டமில்லை. ஒரு மாதம் கழித்து அதே பூந்தமல்லி கொட்டகைக்குப் படம் திரும்பி வந்தது. போஸ்டரின் குறுக்கே ஒரு துண்டுக் காகிதம்: 'புத்தம் புதிய பேய்க் காட்சி இணைக்கப்பட்டுள்ளது.'

போனோம். நானும் பத்மாவும் தனகோட்டியம்மாளும். உட்கார இடமில்லாத கூட்டம். என் சாவுக்கு இந்த முறை ஒருவரும் சிரிக்கவில்லை. எழுவான் என்று போஸ்டரே சொல்லிவிட்டதால் பொறுமையாக இருந்தார்கள். அடுத்த ரீலில் கதவு திறந்தது. கொட்டகை எழுந்து நின்றது. விசில், துண்டு வீச்சு, தொப்பி வீச்சு. "வந்துட்டான்யா."

நான் கட்டிலருகே வந்தேன். விசில் தொடர்ந்தது. போர்வையை இழுத்துவிட்டேன். விசில் கொஞ்சம் குறைந்தது, பல்லுக்காகக் காத்திருந்தார்கள். நான் நின்றுகொண்டே இருந்தேன். எழுந்து நின்றவர்கள் ஒவ்வொருவராக உட்கார்ந்தார்கள். எனக்கு முன்னால் ஒருவன் தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டான். யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். கதவு சாத்திக்கொண்டது.

உடனே மூலையிலிருந்து காமெடியன் உருண்டு விழுந்தார். கொட்டகை இடிந்து விழுகிற மாதிரி சிரித்தது.

வாசலில் ரங்கய்யா என்னைப் பிடித்துக்கொண்டார். படம் ஓடப்போகிறது என்று அவருக்குத் தெரிந்துவிட்டது, முகத்தில் தெரிந்தது. ஆனாலும் சொன்னார்: "நடுவுல கால் நிமிஷம் படம் செத்துப்போச்சு நைனா. ஒருத்தன் சிரிக்கல. அடுத்த படத்துல பல்ல நானே மாட்டி வுட்றேன்."

மாட்டியும் விட்டார். அதற்குப் பிறகு அவருக்குப் பதினோரு படங்களில் பேயாக நடித்தேன். பதினொன்றிலும் பல், பதினொன்றிலும் துடைப்பம். மனித வேஷம் பிறகு யாரும் கொடுக்கவில்லை. நானும் கேட்டு அலுத்துப்போனேன்.

அந்தக் காட்சியைக் கொட்டகையில் பார்த்த மறுநாள் காலை ஷிஃப்டுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தேன். சைக்கிளுக்குக் காற்று குறைவாக இருந்தது. அந்த எரிச்சல் வேறு. பத்மா தூக்குச் சட்டியில் சோறு போட்டுக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் கேட்டாள்.

"ஏங்க, நேத்தே கேக்கணும்னு இருந்தேன். போறச்ச கதவ சாத்திட்டுப் போனீங்களே. பேய்க்கு இன்னாத்துக்குக் கதவு?"

நானும் அப்போதுதான் யோசித்தேன். சாத்தும்படி யாரும் சொல்லவில்லை.

"கொயந்த தூங்கினு இருந்துச்சே," என்றேன். "கொசு பூந்துடும்."

அவள் தூக்குச் சட்டியின் மூடியை அழுத்தி மூடினாள். பிறகு திரும்பத் திறந்து, இன்னொரு கரண்டி சோறு போட்டாள்.